அத்தாவின் ஊமைக்காயம்

அமெரிக்காவில் யாராவது விழுந்து இடுப்பில் அடிபட்டுக்கொண்டால், அதற்கு எண் போடுவது திண்டுக்கல்லில் உட்கார்ந்திருக்கும் நான். ஒரு பாத்திரக்கடையின் மாடியில் எங்கள் அலுவலகம். அமெரிக்காவில் டாக்டர் எழுதிய குறிப்பைப் படித்து, அந்தக் காயத்துக்கு உரிய குறியீட்டைத் தேர்ந்தெடுக்க வேண்டும். மெடிக்கல் கோடிங் என்றால் என்னவென்று சொந்தக்காரர்களுக்கு இன்றுவரை விளங்கவில்லை. நர்ஸ் வேலை என்று நினைத்து என்னிடம் தலைவலி மாத்திரை கேட்பார்கள்.

எலும்பு முறிவெல்லாம் சீனியர்களுக்குப் போய்விடும். தோல் கிழியாமல் உள்ளே கன்றிப்போன ஊமைக்காயம், சுளுக்கு, சிராய்ப்பு, இவைதான் என் பங்கு. சின்னக் காயம்தானே என்று அலட்சியமாக இருக்க முடியாது. இடதா, வலதா? முதல் தடவை காட்ட வந்தாரா, மறுபடி வந்தாரா? எங்கே, என்ன செய்துகொண்டிருந்தபோது, எப்படி விழுந்தார்? பனியில் வழுக்கினால் ஓர் எண், ஏணியிலிருந்து விழுந்தால் வேறோர் எண். குறிப்பில் இல்லாததை நாமாக ஊகித்துப் போடக் கூடாது. எங்களுக்குச் சொல்லித்தரும் முதல் பாடமே அதுதான்.

இந்தப் புத்தி வீட்டுக்கும் வந்துவிட்டது. யாராவது விழுந்தால், ஐயோ என்பதற்கு முன்னால் எந்தப் பக்கம் என்று கேட்பேன். "ஒனக்கு ஈவு இரக்கமே கெடையாதாடி?" என்று அம்மா திட்டுவார்.

எங்கள் வீட்டில் அப்பாவை அத்தா என்போம். அத்தா பிரியாணிக்கடை நடத்தினார். உதவிக்கு ஆள் இருந்தாலும், தம் போடுவதை மட்டும் இன்னொருத்தர் கையில் கொடுக்க மாட்டார். போன வருடம் ஒரு வெள்ளிக்கிழமை மதியம் நொண்டிக்கொண்டே வீட்டுக்கு வந்தார்.

"எந்தப் பக்கம் அத்தா?"

"இடதும்மா. லேசான அடிதான். அரிசி கழுவுன தண்ணி கெடந்துச்சு, வழுக்கிருச்சு."

அம்மா தைலம் தேய்த்துவிட்டு, இடுப்பில் உள்ளங்கை அகலத்துக்குக் கன்றியிருக்கிறது என்றார். நான் டீயை நீட்டினேன். வாங்கிய கைகளில் ஒரு கீறல் இல்லை. முழங்கையிலும் இல்லை. எனக்குச் சுருக்கென்றது. வழுக்குகிறவர்கள் பெரும்பாலும் கையை ஊன்றிவிடுவார்கள். நான் படிக்கும் குறிப்புகளில் அவர்களுக்கு மணிக்கட்டு வீங்கியிருக்கும், உள்ளங்கை உரிந்திருக்கும். கையே ஊன்றாமல் சாய்ந்தவர்களின் குறிப்பில் மயக்கம் என்ற சொல் அநேகமாக இருக்கும்.

அம்மா உள்ளே போனதும் கேட்டேன். "அத்தா, வழுக்குனது ஞாபகம் இருக்கா? கால் எந்தப் பக்கம் போச்சு?"

அவர் ஆறிப்போன டீயை மறுபடியும் ஆற்றினார்.

"கண்ணு இருட்டிக்கிட்டு வந்துச்சும்மா. முழிச்சுப் பாத்தா தரையில கெடக்கேன். அந்தப் பக்கம் அடுப்பு எரியுது." குரலைத் தாழ்த்திக்கொண்டார். "அம்மாட்ட சொல்லிராத. அப்புறம் கடைக்கே விட மாட்டா. டாக்டர்ட்டயும் வழுக்குனதாவே இருக்கட்டும்."

அந்த விறகடுப்பு எனக்குத் தெரியும். அவர் நிற்கும் இடத்துக்கு வலப்பக்கம் ஒரு முழம்கூட இருக்காது. அலுவலகத்தில் நாள் முழுக்க இடது, வலது என்று தட்டுகிறேன். அத்தா வலது பக்கம் சாய்ந்திருந்தால் நெருப்பில் விழுந்திருப்பார். நினைக்கவே பயமாக இருந்தது. கூடவே கோபமும் வந்தது. இவ்வளவு பெரிய விஷயத்தைத் தைலத்தோடு முடிக்கப் பார்க்கிறாரே!

மறுநாள் காலை நான்தான் டாக்டரிடம் கூட்டிப்போனேன். எக்ஸ்ரேயில் எலும்புக்கு ஒன்றுமில்லை.

"ஊமைக்காயம்தான், பயப்படாதீங்க. எப்படி விழுந்தீங்க?" என்று கேட்டுக்கொண்டே டாக்டர் பேனாவைத் திறந்தார்.

"வழுக்கிருச்சு சார்" என்று சொல்லிவிட்டு அத்தா என்னைப் பார்த்தார். கெஞ்சுகிற பார்வை. என்னைப் பெற்றவர் என்னிடம் அதுவரை எதற்கும் கெஞ்சியதில்லை. டாக்டர் எழுதிவிட்டால் அதுதான் நடந்தது என்று ஆகிவிடும். அது என்னைவிட யாருக்குத் தெரியும்?

"இல்ல சார். மயங்கி விழுந்தாரு. என்ட்ட சொன்னாரு" என்றேன்.

ஈசிஜி எடுத்தார்கள். துடிப்பு நடுநடுவே நின்று போகிறது என்று மதுரைக்கு அனுப்பினார்கள். அங்கே நெஞ்சில் ஒரு சின்னக் கருவி வைத்தார்கள். கொஞ்ச காலம் நெருப்புப் பக்கம் நிற்க வேண்டாம் என்றுதான் டாக்டர் சொன்னார். அம்மா அந்தக் கொஞ்ச காலத்தை ஆயுசுக்கும் நீட்டிவிட்டார். கடையில் இப்போது சம்பளத்துக்கு ஒரு மாஸ்டர் இருக்கிறார்.

இடுப்பிலிருந்த கன்றல் சீக்கிரமே மறைந்துவிட்டது. அத்தா என்னிடம் பேசுவது குறைந்துபோனது. கேட்டால், கோபமெல்லாம் இல்லை என்பார்.

போன வாரம் கடையிலிருந்து பிரியாணி வந்தது. ஒரு வாய் வைத்ததும், "தம் பத்தல" என்று தட்டைத் தள்ளினார். பிறகு என்னைப் பார்த்துக் கேட்டார்.

"உசுரோட இருக்கேன். ஒனக்குச் சந்தோஷம்தானம்மா?"

குத்திக்காட்டுகிறாரோ என்று முகத்தைப் பார்த்தேன். இல்லை. தெரிந்துகொள்ளத்தான் கேட்டார்.

"ரொம்பச் சந்தோஷம் அத்தா" என்றேன். அழுகை வந்துவிட்டது.

அவர் தட்டை இழுத்து, மிச்சத்தைச் சாப்பிட ஆரம்பித்தார்.