இரு கரைக்கும் ஒரே முகம்

பாக்கியநாதன் இறந்தபோது வயது அறுபத்திரண்டு. இருபத்தெட்டு வருஷம் கும்மிடிப்பூண்டிப் பட்டறை ஒன்றில் இரும்புப் பாலங்களுக்கான தகடுகளில் வெட்டும் ஓட்டையும் குறித்துக் கொடுத்தார். அவற்றில் ஆற்றின்மேல் நிற்க அவர் கண்டது ஒரே ஒரு பாலத்தை.

பட்டறையில் பாலத்தை ஒருமுறை முழுசாகக் கோத்துப் பார்ப்பார்கள். சரியாக இருந்தால் கழற்றி லாரியில் ஏற்றிவிடுவார்கள். கோத்து நிற்கும்போது, சாப்பாட்டு நேரத்தில் பாக்கியநாதன் அதன் நடுக்கோட்டில் போய் நிற்பார். கண்ணைப் பாதி மூடுவார். இடப்பக்கம் ஏறியது வலப்பக்கம் இறங்கும். தூங்குகிறவனின் மூச்சு போல இரும்பு மெல்ல ஏறி இறங்கும். சோறு ஆறிப்போகும்.

ஆரணி ஆற்றுப் பாலத்தைக் கோத்த சனிக்கிழமை, அந்த மூச்சு ஓரிடத்தில் தடுக்கியது.

பாலத்தின் இரு முனையிலும் ஒரே மாதிரி நுழைவாயில், ஒவ்வொன்றின் இரு மேல்மூலைகளிலும் முக்கோணத் தகடு. அதன் முன்பக்கம் ஒரு பட்டை ஒட்டியிருக்கும். ஒரு நுழைவாயிலில், இடமூலையில் அது இருந்தது. வலமூலை மொட்டை, பட்டை பின்பக்கம் போயிருந்தது. ஒரு தகடு குறித்ததும், குறிக்க வைத்திருக்கும் மாதிரி அச்சைப் புரட்டிப் போட்டுத்தான் அதன் ஜோடியைக் குறிக்க வேண்டும். அவர் புரட்ட மறந்திருந்தார். இரண்டுமே இடக்கைத் தகடுகள்; வலமூலையில் ஏறியது முன்பின்னாகத் திரும்பி உட்கார்ந்திருந்தது.

சோதிக்க வந்த அதிகாரி கையெழுத்தே போட்டுவிட்டார். பாக்கியநாதன் மேஸ்திரி ராஜமாணிக்கத்திடம் போய்ச் சொன்னார்.

"பலம் ஒண்ணுதானேய்யா? ஓட்டையும் சேந்துடுச்சி. எவன் அண்ணாந்து பாக்கப் போறான்?"

"உள்ள வர்றவன் எல்லாம் பாப்பான் மேஸ்திரி. ஒரு புருவம் செரச்ச மூஞ்சி மாரி கீது."

"திங்கக்கெழம லாரி. நாளிக்கு ஞாயித்துக்கெழம கோயில வுட்டுட்டு இத்த கட்டிக்கினு அழுவியா?"

"அழுவுறேன்."

"உன் ஊட்டுக்காரி வந்து என்னத்தான் பேஜார் பண்ணும்," என்று முனகிக்கொண்டே மேஸ்திரி புதுத் தகடு எடுத்துக்கொள்ளச் சொன்னார்.

ஞாயிற்றுக்கிழமை சாயங்காலத்துக்குள் வலக்கைத் தகடு ஏறியது. பழையது குப்பைக்குப் போனது.

மறுவருஷம், மழை விட்ட ஒரு காலையில், மகள் ஷைனி அவரை வண்டியில் ஏற்றி ஆரணி ஆற்றுக்குக் கூட்டிப்போனாள். ஆற்றில் தண்ணீர் அசையாமல் நின்றது. மேலே ஒரு பாலம், கீழே தலைகீழாக ஒன்று. எது எதைத் தாங்குகிறது என்று சொல்ல முடியவில்லை.

"நீ மாத்துனது எந்தக் கரையில நைனா?"

அவர் அண்ணாந்து பார்த்தார். அக்கரைவரை நடந்துபோய் அங்கேயும் பார்த்தார். திரும்பி வந்து இங்கே மறுபடி பார்த்தார்.

"தெர்லம்மா, ரெண்டும் ஒரே மூஞ்சியா கீது," என்றார். சொல்லிவிட்டு அப்படியொரு சிரிப்புச் சிரித்தார்.