லாரி கேசட்டின் கடைசி மூன்று நிமிடம்

சென்ற மாதம் ஒரு சனிக்கிழமை ஓசூரிலிருந்து நாமக்கல் போய், அங்கிருந்து மோகனூர் வரை போய் வந்தேன். நாமக்கல் என்றால் மலைக்கோட்டையா, ஆஞ்சநேயரா என்று கேட்பார்கள். இரண்டையும் நான் பஸ் ஜன்னல் வழியாகத்தான் பார்த்தேன். நான் தேடிப் போனது ஒரு கேசட். அதுவும் உண்மையான கேசட்டா, ஊரை ஏமாற்றும் கேசட்டா என்று தெரியாமலே போனேன். இதே காரணத்துக்காக இன்னும் சிலர் போகக்கூடும் என்பதால் எழுதி வைக்கிறேன்.

தொடக்கம் ஒரு லாரியில். கிருஷ்ணகிரியில் கடைசி பஸ்ஸை விட்டுவிட்டு, ஓசூர் வழியாகப் போகிற நாமக்கல் லாரி ஒன்றில் ஏறினேன். டிரைவர் பெயர் ராசு. ஸ்டீயரிங்குக்கு மேலே டேப் ஓடிக்கொண்டிருந்தது, எல்லாம் முருகன் பாட்டு. பாட்டுகள் முடிந்து, கேசட்டைத் திருப்ப வேண்டிய நேரத்தில், கிடாரோடு ஒரு ஆங்கிலப் பாட்டு தொடங்கியது. இரண்டாவது வரியிலேயே நான் நிமிர்ந்து உட்கார்ந்தேன். அது டென்னிஸ் ஆர்க்வுட்டின் குரல்.

ஆர்க்வுட்டைத் தெரியாதவர்களுக்குச் சுருக்கமாகச் சொல்கிறேன். இங்கிலாந்தில் ஒரு துறைமுக ஊர்க்காரர். அப்பா மீன் கிடங்கில் மூட்டை தூக்கியவர். பையன் சர்ச்சில் பாடிப் பழகி, தானே எழுதித் தானே மெட்டுப் போட்டு, இருபது வயதில் நாடே முணுமுணுத்த ஒரு பாட்டைக் கொடுத்தார். மூன்று எல்.பி. ரெக்கார்டுகள் வந்தன. மூன்றாவது விற்கவில்லை. பாட்டெல்லாம் யாருக்குச் சொந்தம் என்று கம்பெனியோடு வழக்கு வந்தது. வழக்கு முடியும்வரை வேறு எந்தக் கம்பெனியின் மைக் முன்னாலும் பாடக் கூடாது என்று ஒப்பந்தம் அவர் கையைக் கட்டியது. எழுபதுகளின் நடுவில் ஆள் காணாமல் போனார். கோவாவில் பார்த்தேன் என்றான் ஒருவன், காபூலில் செத்துப்போனார் என்றது ஒரு பத்திரிகை. நான் எதையும் நம்பியதில்லை. ஆனால் அவருடைய மூன்று ரெக்கார்டுகளும் என்னிடம் உண்டு, ஒவ்வொரு பாட்டும் மனப்பாடம். லாரியில் ஓடிய பாட்டு அந்த மூன்றிலும் இல்லை.

"இது என்ன பாட்டு?" என்று கேட்டேன்.

"முருகன் பாட்டுங்க."

"இங்கிலீஷிலயா?"

"ஏனுங்க, வெள்ளக்காரன் முருகனக் கும்புடக் கூடாதுன்னு சட்டமாங்க? பழனில மொட்ட போட்ட ஆளாமா. இது முடிஞ்சாத்தான் நாங்க கேசட்டத் திருப்பிப் போடுவோம். நடுவால நிறுத்துனா டயரு வெடிச்சுப் போகும்."

"வெடிச்சிருக்கா?"

"நிறுத்துனதே இல்லீங்களே."

பாட்டு பாதி வரியில் அறுந்தது. டேப் தீர்ந்துவிட்டது. கேசட்டின் மேல் நாமக்கல் ரிகார்டிங் கடை ஒன்றின் முத்திரை இருந்தது.

நான் எலக்ட்ரானிக்ஸ் டிப்ளமோ படித்தவன், ஓசூரில் ஒரு தொழிற்சாலையில் வேலை. பரவசப்படுவதற்கு முன்னால் அளந்து பார்க்கிற புத்தி. நல்ல மிமிக்ரிக்காரன் பாடியிருக்கலாம். யாரோ லண்டனிலிருந்து திருட்டு டேப் கொண்டு வந்திருக்கலாம். பாட்டின் பின்னால் "டங், டங்" என்று தாளத்தோடு ஒட்டாத ஒரு சத்தம் வேறு. லாரிதான் ஆடுகிறது என்று நினைத்தேன். இறங்கும்போது லாரி நின்றிருந்தது, ராசு எனக்காக இன்னொரு தடவை போட்டுக் காட்டினார், சத்தம் அப்படியே இருந்தது.

அந்தச் சனிக்கிழமை காலை ஐந்தரைக்கு ஓசூரில் பஸ். தருமபுரி, ஓமலூர் வழியாகச் சேலம் ஏறக்குறைய நூற்று அறுபது கிலோமீட்டர், டிக்கெட் பதினாறு ரூபாய் சொச்சம். தொப்பூர் கணவாயில் ஒரு லாரி குறுக்கே நின்றுவிட்டதால் சேலத்தில் இறங்கும்போது பத்தரை. நாமக்கல் பஸ் அடிக்கடி உண்டு, ஐம்பது கிலோமீட்டர் சொச்சம், ஐந்து ரூபாய். உட்கார இடம் கிடைக்காது. ராசிபுரம் தாண்டும்வரை ஒரு கோழிக்கூண்டு என் முழங்காலில் இருந்தது.

நாமக்கல்லில் இறங்கியதும் முதல் ஆதாரம் காதில் விழுந்தது. டங், டங். லாரிக்கு பாடி கட்டுகிற பட்டறைகள் ஊரெங்கும் இருக்கின்றன, தகடு அடிக்கிற சத்தம் ஓயாது. டேப்பில் கேட்ட அதே சத்தம். ஆனாலும் நான் விடவில்லை. மிமிக்ரிக்காரனும் நாமக்கல்லில் இருக்கலாம் அல்லவா?

ரிகார்டிங் கடை பஸ் நிலையத்துக்குப் பின்னால் இருந்தது. முதலாளி செல்லமுத்துவுக்கு நாற்பது வயது இருக்கும். நான் ஆர்க்வுட் ரெக்கார்டின் அட்டையை எடுத்து மேசையில் வைத்தேன். அதுதான் நான் செய்த தவறு. அவர் அட்டையைப் பார்க்கவில்லை, என் சட்டைப் பையில் இருந்த ஸ்க்ரூ டிரைவரையும் பேனாவையும் பார்த்தார்.

"கேசட்டுக் கம்பெனிக்காரங்க அனுப்புன ஆளுங்களா?"

"இல்லை."

"போன மாசம் ரெண்டு பேரு இப்புடித்தான் வந்தாங்க. பாட்டுக் கேக்கறாப்புல கேட்டுப்போட்டு, மறுநாளு போலீசோட வந்து பக்கத்துக் கடைல கேசட்டப் பூராம் அள்ளீட்டுப் போனாங்க."

கடையில் வேலை செய்த இன்னொருவர் அதற்குள் பின்பக்கக் கதவைச் சாத்திவிட்டார். நான் என் தொழிற்சாலை அடையாள அட்டையைக் காட்டினேன். "இப்புடி ஒரு அட்ட அச்சடிக்க எவ்வளவு நேரமாகுமுங்க?" என்றார் செல்லமுத்து. கடைசியில் காப்பாற்றியது அவருடைய கேசட் டெக். ஒரு பக்க ஸ்பீக்கரில் ஒலி மங்கலாக இருந்தது. டேப்பைத் தொட்டுப் படிக்கிற ஹெட் சாய்ந்திருக்கிறது என்றேன். நம்பாமல் பார்த்தார். ஸ்க்ரூவைக் கால் திருப்புத் திருப்பினேன், ஒலி பளிச்சென்று வந்தது. கம்பெனி அனுப்பிய ஆள் டெக்கைச் சரி செய்துகொடுக்க மாட்டான் என்று முடிவுக்கு வந்தவர் போல, டீ சொன்னார். பிறகுதான் அட்டைப் படத்தைப் பார்த்தார்.

"இந்த ஆளு இல்லீங்க. இவருக்கு இவ்வளவு முடி இருக்குது. அவருக்கு மொட்டத் தலைங்க."

"பழனியில் மொட்டை போட்டவர் என்றால் முடி எப்படி இருக்கும்?"

"அட, ஆமாங்க" என்று சிரித்தார். அந்தச் சிரிப்பையும் நான் நம்பவில்லை.

அவர் சொன்ன கதை இது. நான்கைந்து வருடம் முன்னால் ஒரு பழைய வேனில் ஒரு வெள்ளைக்காரர் வந்தார். அச்சு முறிந்துவிட்டது. பட்டறையில் புது அச்சு செய்து மாட்டும்வரை கடைக்கு மேலே இருந்த அறையில் தங்கினார். மூன்று வேளையும் முட்டை தோசை. பெயர் யாருக்கும் தெரியாது, வேன்காரர் என்றுதான் கூப்பிட்டார்கள். மத்தியானம் கரண்ட் இருக்கும்போது கடைக்கு வந்து, தன் சொந்தக் கேசட்டைக் கொடுத்து, மைக் முன்னால் பாடினார். வேன் தயாரானதும் கேசட்டைச் செல்லமுத்துவிடமே கொடுத்துவிட்டு மதுரைப் பக்கம் போய்விட்டார்.

"அது எப்படி லாரி கேசட்டில் வந்தது?"

"தம்பி, அறுவது நிமிசத்துக் கேசட்டுன்னு வாங்கறான். பாட்டு அம்பத்தேழுல முடிஞ்சு போகுது. மிச்சத்த வெறுசா உட்டா, டேப்பத் திருடிப்போட்டான்னு சண்டைக்கு வருவான். சினிமாப் பாட்டப் போட்டு ரொப்புனா, நடுவால அறுந்து போச்சுன்னு அதுக்கும் சண்டை. இங்கிலீசுப் பாட்டு எங்க அறுந்தா எவனுக்குத் தெரியும்? வேன்காரரு பாட்டு ஒவ்வொண்ணும் மூணு நிமிசம். அளவெடுத்தாப்புல இருந்துச்சுங்க. ஊட்டுக்கு வாங்கறவங்க இதென்ன எழவுன்னு கேப்பாங்க. அதனால லாரிக்காரங்களுக்கு மட்டும் போட்டனுங்க. ஆளுக்கு ஒரு பாட்டு."

ஒரு பாடகர் எவனுக்கும் பாடக் கூடாது என்று தடுக்கப்பட்டு, இங்கே வந்து யாருக்கும் தெரியாமல் பாடிய பாட்டுகள். அதை எடுத்து இந்த மனிதர் சந்து அடைத்திருக்கிறார். எனக்குக் கோபம் வந்தது. "அவர் பாடிக் கொடுத்த மூலக் கேசட் எங்கே?" என்றேன்.

"மோகனூருல, என்ற தங்கச்சி ஊட்டுல."

என்னை அனுப்பிவிட்டு இங்கே எதையோ ஒளிக்கப் போகிறார் என்று தோன்றியது. "நீங்களும் வாருங்கள்" என்றேன். "நானில்லாம உன்னைய உள்ளயே உட மாட்டாங்க சாமி" என்று ராஜ்தூத் மோட்டார் சைக்கிளை எடுத்தார். பதினெட்டு கிலோமீட்டர். வழியெல்லாம் கரும்பு வண்டிகள், சர்க்கரை ஆலைக்குப் போகிறவை. ஆலையை நெருங்கும்போது வெல்லமும் புளிப்புமாக ஒரு வாடை. பின்னால் உட்கார்ந்து வழியை மனதில் குறித்துக்கொண்டே போனேன், எங்காவது இறக்கிவிட்டால் திரும்பி வரத் தெரிய வேண்டுமே.

தங்கை பூங்கொடியின் வீடு காவிரிக் கரையை ஒட்டிய தோட்டத்தில். அண்ணன் விஷயத்தைச் சொன்னதும் அவர் முகம் மாறிவிட்டது. பீரோவிலிருந்து பட்டுத்துணிப் பையைக் கொண்டு வந்தார், ஆனால் என் கையில் கொடுக்கவில்லை.

"இது என்ற கலியாணக் கேசட்டுங்க. வேறெதும் இதுல இல்லீங்க."

அப்போதுதான் செல்லமுத்து வாயைத் திறந்தார். தங்கை கல்யாணத்தில் சீர்களையும் வாழ்த்துப் பாடுவதையும் பதிவு செய்ய நல்ல கேசட் வேண்டியிருந்தது. கடையில் இருந்ததிலேயே உசத்தி வேன்காரருடைய வெளிநாட்டுக் கேசட்தான். லோக்கல் டேப் ஒரு வருடத்தில் உதிர்ந்துவிடும். அதனால், லாரிகளுக்குப் போட்டு முடித்த பிறகு, பாட்டுக்கு மேலேயே கல்யாணத்தை ஏற்றிவிட்டார்.

"அழிச்சுட்டீங்களா?"

"தங்கச்சி கலியாணத்த மட்ட டேப்புல எடுக்கச் சொல்றீங்களா?"

கேசட்டைப் பூங்கொடியின் கையில் இருந்தபடியே உற்றுப் பார்த்தேன். பின்பக்கம் இரண்டு இடத்தில் காகிதம் ஒட்டியிருந்தது. அங்கே இருக்கும் சின்னப் பிளாஸ்டிக் பல்லை உடைத்துவிட்டால் அந்தக் கேசட்டில் மேற்கொண்டு பதிய முடியாது. பாடியவர் அதை உடைத்துத்தான் கொடுத்திருக்கிறார், யாரும் அழிக்கக் கூடாது என்று. இவர் காகிதம் ஒட்டிச் சமாளித்திருக்கிறார். ரிகார்டிங் கடைகளில் தினமும் நடப்பதுதான் அது.

"ஓசூருக்குக் கொண்டுபோய் ஆராய்ந்து பார்த்துவிட்டுத் தருகிறேன்" என்றேன்.

"அதெல்லாம் ஆகாதுங்க" என்றார் பூங்கொடி. "எங்கப்பா பேசுனது இது ஒண்ணுலதான் இருக்குது. நீங்க கொண்டு போயி அழிச்சுப்போட்டு, போச்சுங்கன்னு கைய விரிச்சீங்கன்னா நான் எங்கீங்க போறது?"

ஆர்க்வுட்டின் பாட்டுக்கு நேர்ந்தது தன் அப்பாவின் குரலுக்கும் நேர்ந்துவிடும் என்று அவர் பயந்தார். "இங்கேயே கேட்கலாம்" என்றேன்.

சிங்கப்பூரிலிருந்து வந்த ஒரு டூ-இன்-ஒன் டேப் ரேடியோ இருந்தது. ஹெட்டைத் துடைத்துவிட்டுப் போட்டோம். நாயனம், சத்தம், கூட்டத்தில் யாரோ தாம்பாளத்தைத் தேடுகிறார்கள், அவர்களுடைய அப்பா "அம்முணியக் கூப்புடுங்க" என்று அதட்டுகிறார். பூங்கொடி குனிந்துகொண்டார். இரண்டாவது பக்கத்தில், பந்திக்குக் கூப்பிடுகிற இடத்தில், கிளிக் என்று ஒரு சத்தம். கல்யாணம் முடிந்தது. அவர் நிறுத்தக் கை நீட்டினார்.

"அதுக்கப்பறம் ஒண்ணும் இருக்காதுங்க."

"கொஞ்சம் ஓடட்டும்."

இரைச்சல். பிறகு டங், டங். பிறகு கிடார், ஒரு பாட்டின் கடைசி வரி. அது நின்றதும், ஒரு ஆண் குரல், களைத்த குரல், டேப் இன்னும் இருக்கிறதா என்று ஆங்கிலத்தில் கேட்டது. என் ரெக்கார்டுகளில் அந்தக் குரல் பாடித்தான் கேட்டிருக்கிறேன். பேசிக் கேட்டதில்லை. பேசினாலும் வார்த்தைக்கு முன்னால் மூச்சை அதே மாதிரி இழுத்தது. அதற்குப் பதிலாக இன்னொரு குரல், நான்கைந்து வருடம் இளைய செல்லமுத்து:

"இருக்குதுங்க சார். பாடுங்க."

கிடார் தொடங்கியது. இரண்டு வரி பாடினார். மூன்றாவது வரியின் முதல் சொல்லில் டேப் தீர்ந்து பட்டன் எகிறியது.

செல்லமுத்துதான் முதலில் தொண்டையைச் செருமினார். "அப்பவே தெரியுமுங்க, தீரப் போகுதுன்னு. அவரு கேட்டப்ப இல்லேன்னு சொல்ல வாயி வரல. அவரு பாட்டுக்கு முழுசும் பாடுனாரு. நானும் தலையாட்டீட்டே நின்னேன்."

அதை நான் நம்பினேன். அன்றைக்கு நான் சந்தேகப்படாமல் ஏற்றுக்கொண்டது அது ஒன்றைத்தான். பூங்கொடியிடம் கேசட்டைக் கேட்டு வாங்கி, அதன் பின்னால் ஒட்டியிருந்த காகிதத்தை நகத்தால் கிழித்தேன். "ஐயோ, என்னங்க பண்றீங்க!" என்று பிடுங்கப் பார்த்தார். இனி யாராலும், அண்ணனாலும்கூட, இதில் எதையும் பதிய முடியாது என்று விளக்கியதும் அண்ணனை ஒரு பார்வை பார்த்தார். "நல்லதாப் போச்சுங்க" என்றார்.

ஆக, ஆர்க்வுட்டின் நான்காவது ரெக்கார்டு இருக்கிறது. ஆனால் ஒரே இடத்தில் இல்லை. நாமக்கல் லாரிகளில், முருகன் பாட்டுக்குப் பின்னால், துண்டு துண்டாக கௌஹாத்திக்கும் பம்பாய்க்கும் போய் வந்துகொண்டிருக்கிறது. இதுவரை எனக்கு நான்கு கிடைத்திருக்கின்றன, ஒன்றுகூட முழுசு இல்லை. ஒரே பாட்டு இரண்டு லாரியில் கிடைத்தால், ஒன்றில் அறுந்தது மற்றதில் இருக்கலாம். அப்படித்தான் ஒட்ட வைக்க வேண்டும்.

போகிறவர்களுக்குச் சில சொற்கள். ரெக்கார்டு அட்டையைக் கொண்டுபோகாதீர்கள், கம்பெனி ஆள் என்பார்கள். மோகனூர் வீட்டுக்கு யாரும் போக வேண்டாம், அங்கே இருந்ததை நான் எழுதிவிட்டேன், மிச்சம் அவர்களுடைய கல்யாணம். பட்டறைத் தெருவில் டீக்கடைகளில் லாரிகள் நிற்கும், அங்கே கேளுங்கள். கேசட்டை விலைக்குக் கேட்காதீர்கள், சந்தேகம் வந்துவிடும். ஒரு சின்ன டேப் ரிகார்டரும் புது பாட்டரியும் போதும். எந்த ஊர் நெடுஞ்சாலையில் நாமக்கல் லாரியில் ஏறினாலும், முருகன் பாட்டு முடிகிறவரை பொறுமையாக இருங்கள். முடிந்ததும் ரிகார்டரை அமுக்குங்கள். டிரைவர் புது ஆளாக இருந்து, கேசட்டைத் திருப்பக் கை நீட்டினால், டயர் வெடிக்கும் என்று சொல்லுங்கள்.