டில்லி விட்டது, நான் விடவில்லை

எனக்குத் தமிழ் தெரியாது என்று ஒரு மத்தியானம் முழுக்க நடித்திருக்கிறேன். பிறந்தது பம்பாய் மாட்டுங்காவில். அப்பா அம்மா பாலக்காட்டுத் தமிழ், கட்டிக்கொண்டவளும் அதே. கோபம் வந்தால் இன்றைக்கும் என் வாயில் தமிழ்தான் வரும். அப்படியும் நடித்தேன். நன்றாக நடித்துவிட்டேன் என்று பல வருஷம் நம்பிக்கொண்டும் இருந்தேன்.

அப்போது நான் ஜகாத் நாக்காவில் குமாஸ்தா. ஊருக்குள் நுழையும் சரக்குக்கு வரி வாங்கும் சாவடியைத்தான் பம்பாயில் ஜகாத் நாக்கா என்பார்கள். பாலம் தாண்டியதும் எங்கள் சாவடி. லாரிகள் வரிசை கட்டி நிற்கும். டிரைவர்கள் காகிதத்தைக் கையில் வைத்துக்கொண்டு ஜன்னல் ஜன்னலாக அலைவார்கள். தகரக் கூரை வழியாக வெயில் நேரே உச்சிமண்டையில் இறங்கும். செம்பூர் வீட்டிலிருந்து ஒரே பஸ். அந்தச் சௌகரியத்துக்காகவே, பதவி உயர்வோடு வந்த இடமாற்றத்தை வேண்டாம் என்று எழுதிக் கொடுத்த மகா புத்திசாலி நான்.

எங்களுக்கு ஒரு கர்வம் உண்டு. கப்பலில் வந்து இறங்கும் சரக்குக்குச் சுங்கம் வாங்குவது டில்லி. அதே சரக்கு ஒரு ஊருக்குள் நுழைந்தால் வரி போடும் உரிமை மாநிலத்துடையது. அரசியல் சட்டத்திலேயே அப்படித்தான் இருந்தது. மாநிலம் அதை மாநகராட்சியிடம் கொடுத்திருந்தது. "துறைமுகம் வரைக்கும் டில்லி ராஜ்யம், பாலம் தாண்டிச் சக்கரம் உருண்டால் நம்ம ராஜ்யம்" என்று எங்கள் தலைமைக் குமாஸ்தா மராட்டியில் சொல்லுவார். டில்லி ஒவ்வொன்றாகப் பிடுங்கிக்கொண்டு வருகிறது, நாளைக்கு இந்தச் சாவடியையும் பிடுங்கிவிடும் என்று டீ குடிக்கும்போதெல்லாம் பேச்சு நடக்கும். நானும் மேஜையைத் தட்டுவேன். மாநில உரிமை என்று யாராவது சொன்னால் போதும், எனக்கு முறுக்கு ஏறிவிடும்.

அந்த மேஜையில் நான் ஒருத்தன்தான் மதராஸி. தலைமைக் குமாஸ்தா நல்ல மனிதர். என் டப்பாவில் புளியஞ்சாதம் இருந்தால் உரிமையோடு பங்கு கேட்பார். ஆனால் ஜன்னலில் யாராவது தமிழில் வாயைத் திறந்தால் சிரித்துக்கொண்டே கேட்பார்: "துமச்சா மாணூஸ் கா?" உங்க ஆளா என்று. விளையாட்டுத்தான். அந்த விளையாட்டுக்கு நான் பயந்து செத்தேன். மற்றவர்களிடம் ஒரு காகிதம் கேட்டால் தமிழர்களிடம் இரண்டு கேட்பேன். தாராவித் தமிழர்களுக்குப் போகும் தோல் மூட்டை வந்தால் அவிழ்த்துக் காட்டச் சொல்லுவேன். அப்படிச் செய் என்று என்னிடம் யாரும் சொன்னதில்லை.

ஒரு சனிக்கிழமை மத்தியானம் ஒரு டெம்போ வந்து நின்றது. உள்ளே ஒரே ஒரு பெட்டி. கூட வந்தவருக்கு நாற்பத்தைந்து வயது இருக்கும். நகக்கண்ணில் தோல் சாயம் ஏறியிருந்தது. முகவரியைப் பார்த்தேன், தாராவி. பெட்டியில் என்ன என்று இந்தியில் கேட்டேன். மூச்சு விடுவதற்கான மெஷின் என்றார். பெண்டாட்டிக்கு நுரையீரல் கெட்டுவிட்டது, துபாயிலிருக்கும் மச்சினன் அனுப்பியிருக்கிறான், ஆஸ்பத்திரியில் இந்த மெஷினை நம்பித்தான் வீட்டுக்கு விட்டிருக்கிறார்கள். இதையெல்லாம் உடைந்த இந்தியில் ஆரம்பித்து, பாதியிலேயே தமிழுக்கு வந்துவிட்டார். "டாக்டர் சீட்டு இருக்குய்யா. போர்ட்லயே டூட்டி கெடையாதுன்னு விட்டுட்டாவ. டில்லி கவர்மெண்டு சீலு, பாருங்க."

என் முதுகுக்குப் பின்னால் தலைமைக் குமாஸ்தா வந்து நின்றார். "துமச்சா மாணூஸ் கா?"

"நாஹி" என்றேன். பிறகு அந்த மனிதரிடம் திரும்பி, எனக்குத் தமிழ் வராது, இந்தியில் பேசு என்றேன். டில்லி கொடுத்த விலக்கு டில்லியின் வரிக்கு மட்டும்தான், இது வேறு அரசாங்கம், இங்கே அந்த சீல் செல்லாது என்றும் சொன்னேன். சட்டப்படி ஒவ்வொரு சொல்லும் சரி.

எவ்வளவு கேட்டாலும் வரி கட்டுகிறேன், பெட்டியை விடுங்கள் என்றார். அன்பளிப்பாக வந்த பொருள், விலைச்சீட்டு இல்லை. சொந்த உபயோகத்துக்கான சாமானாக இருந்தால் ஜன்னலில் இருக்கும் குமாஸ்தாவே உத்தேசமாக ஒரு மதிப்புப் போட்டு ரசீது கிழித்துவிடலாம். தினமும் நான் செய்ததுதான். அன்று காலையில்கூட யாருக்கோ ஒரு தையல் மெஷினை அப்படி விட்டிருந்தேன். இவரிடம் மட்டும், மதிப்பீட்டு அதிகாரி பார்க்கவேண்டும், அவர் திங்கட்கிழமைதான் வருவார் என்றேன்.

அப்போது அவருடைய போன் அடித்தது. லாரிச் சத்தத்தில் ஒன்றும் கேட்கவில்லை போலும், ஸ்பீக்கரில் போட்டார். ஒரு பெண் குரல். சொல்லுக்குச் சொல் நின்று நின்று வந்தது. "வாங்கிட்டியளா?"

"வாங்கியாச்சுட்டி. வந்துக்கிட்டே இருக்கேன். நீ பேசாத, மூச்சு வாங்கும்."

"அவசரப்படாதிய. மொள்ள வாங்க."

போனைச் சட்டைப் பையில் போட்டுக்கொண்டார். ஜன்னல் கம்பியைப் பிடித்துக்கொண்டு, என்னைப் பார்க்காமல், தமிழில் சொன்னார்: "வீட்டுல சிலிண்டரு நாளைக்குக் காலைல வரைக்குந்தான் வரும். இது மட்டும் கெடைச்சிட்டா அவ பொழச்சிக்கிடுவா." நான் சீட்டில் திங்கட்கிழமை என்று இந்தியில் எழுதி நீட்டினேன். அடுத்த ஆள், அடுத்த ஆள் என்று இந்தியில் கத்தினேன். பெட்டியை இறக்கிக் கிடங்கில் வைத்தார்கள்.

வீட்டில் சாப்பிடும்போது பெண்டாட்டியிடம் சொன்னேன். அவள் பரிமாறுவதை நிறுத்திவிட்டு என்னைப் பார்த்தாள். "ஏன்னா, விட்டுத் தொலைச்சிருக்கப்படாதோ?" உனக்கு ஆபீஸ் விஷயம் என்ன தெரியும் என்று அவள் மேல் எரிந்து விழுந்தேன். ஞாயிற்றுக்கிழமை முழுக்க எதற்கெடுத்தாலும் எரிச்சல். திங்கட்கிழமை முதல் பஸ்ஸில் போய், மதிப்பீட்டு அதிகாரியை வாசலிலேயே மடக்கி, கையெழுத்து வாங்கி ரசீதைத் தயாராக வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தேன். பெட்டிக்காரர் வரவில்லை. செவ்வாயும் வரவில்லை. அந்த மாதமே வரவில்லை.

பெட்டி கிடங்கிலேயே கிடந்தது. மச்சினன் கறுப்பு மையில் தமிழில் முகவரி எழுதியிருந்தான். அந்த எழுத்தைப் பார்க்க முடியாமல் பெட்டியைச் சுவர்ப் பக்கம் திருப்பி வைத்தேன். இரண்டு நாளில் எவனோ நகர்த்தியிருக்கிறான், முகவரி மறுபடியும் வாசலைப் பார்த்து நின்றது. மறுபடியும் திருப்பினேன். வேறு மெஷின் வாங்கியிருப்பார்கள், ஆஸ்பத்திரியில் சேர்த்திருப்பார்கள், நாம் என்ன கண்டோம் என்று எனக்கு நானே சொல்லிக்கொள்வேன். சொல்லி முடிப்பதற்குள் 'மொள்ள வாங்க' என்று கேட்கும். பிரமை என்று எனக்குத் தெரியாதா என்ன? தெரிந்தும் பயமாக இருந்தது. கிடங்குச் சாவி என் மேஜையில்தான் இருக்கும், ஆனால் தனியாக உள்ளே போகமாட்டேன், பியூனைக் கூப்பிட்டுக்கொள்வேன்.

சாவடிக்கு வெளியிலும் அது விடவில்லை. செம்பூர் ஸ்டேஷன் படிக்கட்டில் எனக்கு முன்னால் ஒரு அம்மாள் மூச்சு வாங்கி நின்றால் நானும் நின்றுவிடுவேன். அவள் ஏறி முடித்த பிறகுதான் என் கால் நகரும். எத்தனையோ வண்டிகளை அப்படித் தவறவிட்டிருக்கிறேன். முகவரி மனப்பாடம், தாராவி பஸ்ஸில் இருபது நிமிஷம். போய்ப் பார்க்கத் துணிச்சல் இல்லை. சீ, என்ன மனுஷன் நான்!

பிறகு ஜி.எஸ்.டி. வந்தது. டில்லியும் மாநிலங்களும் பல வருஷம் சண்டை போட்டு, ஈடு தருகிறேன் என்று டில்லி சொல்ல, சரி என்று மாநிலங்கள் தலையாட்டின. நுழைவு வரி போடும் உரிமையையே அரசியல் சட்டத்திலிருந்து எடுத்துவிட்டார்கள். கடைசி நாளன்று தலைமைக் குமாஸ்தா கண்ணைத் துடைத்துக்கொண்டார். நம் ராஜ்யம் போச்சு என்றார். எனக்கு அழுகை வரவில்லை. எந்த உரிமையை வைத்துக்கொண்டு அந்த மனிதரைத் திருப்பி அனுப்பினேனோ, அது இனி யாரிடமும் இல்லை. பாலம் தாண்டி வரும் எந்த வண்டியையும் அதற்காக இனி ஒருத்தனும் நிறுத்தமாட்டான்.

சாவடியைக் காலி செய்வதற்கு முன், கேட்பாரில்லாமல் கிடந்த சாமான்களுக்குப் பட்டியல் போட்டு, உடையவர்களுக்கு நோட்டீஸ் அனுப்பச் சொன்னார்கள். எல்லாவற்றையும் தபாலில் அனுப்பினேன். அந்தப் பெட்டிக்கான நோட்டீஸை மட்டும் நானே எடுத்துக்கொண்டு ஒரு காலை நேரத்தில் தாராவிக்குப் போனேன்.

தொண்ணூறு அடி சாலையிலிருந்து பிரியும் சந்து. மாடி அறை. இரும்பு ஏணியில் ஏறி அவர் வீட்டு வாசலில் நின்றேன். அவரேதான் வந்தார், தலை முழுக்க நரைத்திருந்தது. எனக்கு வாயில் இந்திதான் வந்தது, ஆபீஸிலிருந்து நோட்டீஸ் கொண்டுவந்திருக்கிறேன் என்றேன்.

"உள்ள வாங்க சார்" என்றார். "தமிழ்லயே பேசுங்க."

உட்கார்ந்தேன். வீட்டில் வேறு யாரும் இல்லை. நான் கேட்பதற்கு முன்னால் அவரே சொன்னார். "ஞாயித்துக்கெழமை காலைல சிலிண்டரு தீந்துட்டு. வேற எங்கயும் கெடைக்கல. டாக்ஸில தூக்கிப் போட்டுக்கிட்டு ஆஸ்பத்திரிக்கு ஓடினோம். மாஹிம் சிக்னல்கிட்டயே முடிஞ்சுபோச்சு." பெட்டி எனக்கு வேண்டாம், யாருக்காவது கொடுத்துவிடுங்கள் என்று நோட்டீஸை வாங்கிக்கொண்டார்.

"எனக்குத் தமிழ் தெரியும்னு..." என்று இழுத்தேன்.

"அன்னைக்கே தெரியும் சார். அவ போன்ல பேசுறப்ப உங்க பேனா நின்னுச்சு. வெளங்காதவருக்கு எதுக்கு நிக்கணும்? அதான் நானும் தமிழ்லயே சொல்லிக்கிட்டிருந்தேன்."

கோபமாகச் சொல்லியிருந்தால் தாங்கியிருப்பேன். அவர் பேனா கேட்டார், கொடுத்தேன். நோட்டீஸைத் தொடையில் வைத்து, எங்கே கையெழுத்துப் போடவேண்டும் என்று தேடிக்கொண்டே சொன்னார்:

"அன்னைக்கு வீட்டுக்கு வந்து, பொட்டிய விடலன்னு அவகிட்டச் சொன்னேன். ஆபீசருக்கு நல்லா எடுத்துச் சொன்னியளான்னு கேட்டா. தமிழாளுன்னு சொல்ல எனக்கு வாய் வரல. மராட்டிக்காரரு, நான் சொன்னது அவருக்கு வெளங்கலன்னேன். 'பாவம், அப்ப அவரு மேல தப்பில்ல, வெளங்கியிருந்தா விட்டிருப்பாரு'ன்னா."