தம்பியின் இணைப்பில் கோளாறு இல்லை

என் தம்பி செல்வத்துக்குத் திக்குவாய். வெளியில் யாரிடமும் பேசமாட்டான். கல்லூரி நண்பர்கள் மூவரோடு கணினியில் துப்பாக்கிச் சண்டை விளையாடும்போது மட்டும் மைக்கில் கூச்சமில்லாமல் பேசுவான். ஆனி மாதத்தில் ஒருநாள் அவர்களுடைய குழுவுக்குள் அவனால் நுழைய முடியவில்லை. “குத்தாலத்துல சாரல் பிடிச்சிட்டுல்லா, அதான் நெட்டு வெட்டுது” என்று நண்பன் ஒருவன் போனில் சொன்னானாம்.

எதையும் நாள்வாரியாகக் குறித்துவைப்பது என் வழக்கம். திங்களன்று மோடத்தை அணைத்துப் போட்டேன். செவ்வாயன்று ஃபயர்வாலில் அனுமதி கொடுத்தேன். புதனன்று அவர்கள் பேசிக்கொள்ளும் செயலியை நீக்கிவிட்டு மறுபடி ஏற்றினேன். எதுவும் பலிக்கவில்லை. கோளாறு அவன் கணக்கில்தானா என்று பார்க்க, வியாழன் மாலை புதிதாக ஒரு கணக்குத் தொடங்கி, தம்பியிடம் இருந்த பழைய அழைப்பு லிங்க் வழியே நுழைந்தேன். உடனே இணைந்தது. தம்பி பக்கத்தில் இருந்தான். ஸ்பீக்கரில் குரல்கள் கேட்டன.

“ஏலே, செல்வம் இன்னும் மோடத்தத்தான் நோண்டுதானா?”

“நோண்டட்டும்லே. ‘பின்னால ஆளு’ன்னு அவன் சொல்லி முடிக்கதுக்குள்ள நாம செத்துருதோம். பிளாக் பண்ணது நல்லதாப் போச்சு.”

மூவரும் சிரித்தார்கள். செல்வம் என்னைத் தாண்டிக் கைநீட்டி ஸ்பீக்கரை அணைத்தான்.

“நெ... நெட்டு நல்லாத்தான் இருக்கு, அண்ணே” என்றான்.

அதன்பிறகு அவன் மைக்கைத் தொடவில்லை. இப்போது யாருடைய கணினியைச் சரிபார்த்தாலும், ஹெட்போனை என் காதில் மாட்டிக்கொண்ட பிறகே இணைத்துப் பார்க்கிறேன்.