நான்காம் எதிர்மனுதாரர்

பதுளையில் சட்டத்தரணியாக இருப்பவளுக்குக் காணித் தகராறும் விவாகரத்தும் போதாதென்று, பாடசாலைக் கலைப்போட்டிகள் முடிந்த கையோடு பரதநாட்டியமும் வந்து சேரும். பிளாஸ்டிக் கதிரையில் முதுகு வலிக்க உட்கார்ந்திருந்து, கடைசியில் தன் பிள்ளைக்கு இரண்டாமிடம் என்று கேட்டு வயிறெரிந்த பெற்றோர்களே, உங்கள் வேதனை எனக்குப் புரியும். உங்களில் சிலர் அங்கிருந்து எழுந்து நேராக என்னிடம்தானே வருகிறீர்கள்!

இரண்டு வீடியோ

பஜாரில் துணிக்கடை வைத்திருக்கும் ஒருவர் வந்தார். வலயப் போட்டியில், தனி நடனத்தில் அவர் மகளுக்கு இரண்டாமிடம். முதலிடம் பசறைப் பக்கத்துத் தேயிலைத் தோட்டப் பள்ளிக்கூடத்துப் பிள்ளைக்கு. நடுவர்களில் ஒருவர் முன்பு அந்தப் பள்ளிக்கூடத்தில் படிப்பித்தவராம். வழக்குப் போட இது போதும் என்று எனக்கும் தோன்றியது. முதலிடம் பெற்றவர்தான் மாகாணப் போட்டிக்குப் போகலாம் என்பதால் அவசரம் வேறு.

கைப்பேசியில் இரண்டு பிள்ளைகளின் ஆட்டத்தையும் போட்டுக் காட்டினார். எனக்கு நடனம் தெரியாது. ஆனாலும் தோட்டத்துப் பிள்ளை ஆடி முடிப்பதற்குள் என் தேத்தண்ணி ஆறிப்போயிருந்தது. அவர் அதைக் கவனித்துவிட்டார்.

"மிஸ், நீங்க அதப் பாக்காதீங்க. நம்ம பிள்ளைய மட்டும் பாருங்க!"

மார்க் போட்ட கை

அந்த நடுவர் பண்டாரவளையில் இருக்கும் ஓய்வுபெற்ற நடன ஆசிரியை. அவர் பாரபட்சம் காட்டினார் என்று மனுவில் கனமான வார்த்தைகளாகத் தேடித்தேடி எழுதியிருந்தேன். நீதிமன்ற வராந்தாவில் என்னைக் கண்டதும் அவர் எழுந்து நின்று கும்பிட்டார். முகத்தை எங்கே வைத்துக்கொள்வது என்று எனக்குத்தான் தெரியவில்லை. ஏதாவது பேசவேண்டுமே என்று, அடுத்த போட்டிக்கும் நீங்கள்தானே டீச்சர் என்று கேட்டுத் தொலைத்தேன்.

"இனிமே பிள்ளைங்க ஆடுறத டீவில பாத்துக்கிறேன் மிஸ். அங்க யாரும் மார்க் கேக்க மாட்டாங்க."

பெரட்டில் ஒரு பெயர்

முதலிடத்தை எதிர்த்து வழக்குப் போட்டால், அதைப் பெற்றவரையும் எதிர்மனுதாரராகச் சேர்க்கவேண்டும். சேர்க்காவிட்டால் மனு நிற்காது. நடுவர், அதிகாரிகள் எல்லாரையும் போட்ட பிறகு, அந்தப் பிள்ளையை நான்காவதாகப் போட்டு, அதன் அம்மா பெயருக்குத் தோட்ட விலாசத்தில் அறிவித்தல் அனுப்பினேன்.

தோட்டத்துக் கடிதம் தொழிலாளர் குடியிருக்கும் லயத்து வாசலுக்கு வராது. தோட்ட அலுவலகத்துக்குத்தான் போகும். காலையில் வேலைக்கு ஆள் பிரிக்கும் பெரட்டில், எல்லார் முன்னாலும் பெயர் சொல்லிக் கூப்பிட்டுக் கொடுப்பார்கள். லயத்தில் வளர்ந்த எனக்கு இது தெரியாதா? தெரியும். அனுப்பும்போது நினைத்துப் பார்க்கவில்லை, அவ்வளவுதான். உறையைப் பார்த்த கணக்கப்பிள்ளை சத்தம் போட்டுச் சொன்னதை அந்த அம்மா பிற்பாடு என்னிடம் அப்படியே சொன்னார்.

"ஒம் மக மேல கோர்ட்டுல கேஸாம்!"

கேடயம்

வழக்கு நாளில் அம்மாவும் மகளும் வந்தார்கள். மனுவின் அடியில் என் பெயர் இருந்ததால், விசாரித்துக்கொண்டு நேராக என்னிடமே வந்தார்கள். முதலிடத்துக்குக் கிடைத்த கேடயத்தைப் பழைய சேலைத் துண்டில் சுற்றிக் கொண்டுவந்து அந்த அம்மா என் கையில் திணித்தார். "பிள்ளை தெரியாம ஆடிருச்சுங்க மிஸ். இத நீங்களே வச்சிக்கிட்டு கேஸ எடுத்திருங்க."

பிள்ளை மேல் குற்றமே இல்லை, இது வெறும் நடைமுறை என்றேன். "ஆமாங்க, ஆமாங்க" என்றார், நம்பவில்லை. கேடயத்தைத் திருப்பிக் கொடுக்கவே பெரும்பாடாகிவிட்டது. நீதிபதியும் மொழிபெயர்ப்பாளர் மூலம் அதையே பொறுமையாகச் சொன்னார். அம்மா கைகூப்பியபடி, மகள் மாகாணப் போட்டிக்குப் போகமாட்டாள் என்று மட்டும் திரும்பத் திரும்பச் சொன்னார். நான் எழுந்து ஒரு வார்த்தை பேசியிருக்கலாம். கட்சிக்காரர் பின்னால் இருந்தார், உட்கார்ந்தே இருந்தேன். கடைக்காரர் மகள் மாகாணத்துக்குப் போனாள், வழக்கும் முடிந்தது. வெட்கமாக இருந்தது. இப்போதும் இருக்கிறது.

பசறை பஸ்ஸுக்குக் கிளம்பும்போது, அந்தப் பிள்ளை அம்மாவின் கையை விட்டுவிட்டு என்னிடம் திரும்பி வந்தது.

"மிஸ், இனி வீட்டுக்குள்ள ஆடினாலும் கேஸ் போடுவாங்களா?"

அந்த வழக்கை நான் வென்றுவிட்டதாகத்தான் ஊரில் பேச்சு. அதைக் கேள்விப்பட்டு இந்த வருடமும் பெற்றோர்கள் என் அலுவலக வாசலில் காத்திருக்கிறார்கள்.