பூய்-லின் சொல்லச் சொல்ல

பூய்-லின் பதினோரு வயதில் பள்ளியை விட்டுவிட்டுப் பிளாஸ்டிக் பூ ஒட்டும் வேலைக்குப் போனவள். இருபத்திரண்டில் கவுலூன் மலைப்பக்கத்து சினிமா ஸ்டுடியோவுக்கு வந்தாள். போன ஷாட்டில் வாள் எந்தக் கையில் இருந்தது, எந்தத் தோளில் ரத்தக் கறை என்று குறித்து வைப்பது அவள் வேலை. வாயே திறக்க மாட்டாள். சண்டைக்காரர்கள் அவளை ஊமைச்சி என்றுதான் கூப்பிட்டார்கள்.

டைரக்டர் லோ இருபது வாள்சண்டைப் படங்கள் எடுத்தவர். இருபத்தோராவது படத்தில்தான் அவள் கவனித்தாள்: அவர் முகம் ஆளைப் பார்த்துத் திரும்பவில்லை, வாள் மோதும் சத்தத்தைப் பார்த்துத் திரும்பியது. டீயைக் கோப்பைக்குப் பக்கத்தில் ஊற்றினார்.

"பாத்துட்ட இல்ல?" என்றார். "ஓரத்துல கொஞ்சம் தெரியுது. நடுவுல ஒண்ணுமில்ல. யார்கிட்டயும் சொல்லிடாதம்மா. இதை விட்டா எனக்கு என்ன இருக்கு?"

அன்றிலிருந்து அவர் நாற்காலியை ஒட்டி உட்கார்ந்தாள். அப்போதெல்லாம் படம் பிடிக்கும்போது ஒலி எடுப்பதில்லை. குரல் எல்லாம் பிறகுதான். செட்டு மீன் சந்தை மாதிரி இருக்கும். ஒரு பக்கம் ஆணி அடிப்பார்கள், வசனம் மறந்த ஹீரோ ஒன்று, இரண்டு என்று எண்ணுவான். அந்த இரைச்சலில் அவள் குரல் ஒரே ஒரு காதுக்குத்தான் போனது.

"குதிச்சுட்டான், லோ அண்ணே. இடது கால் கொஞ்சம் லேட்டு. ஆனா முகத்துல வலி தெரியுது."

"கட்! இடது காலைக் கவனி!"

மூன்று படங்கள் இப்படியே ஓடின. அவருக்குப் பருந்துக் கண் என்று பத்திரிகைகள் எழுதின.

அடுத்த படத்துக்கு ஸ்டுடியோ முதலாளி யிப் ஒலிப்பதிவு இயந்திரம் வாங்கிவிட்டார். நடிக்கும்போதே குரலை எடுக்க வேண்டும், செட்டில் யாரும் இருமக்கூடக் கூடாது.

"இன்னிக்கு எப்படிம்மா?" என்று லோ கேட்டார்.

"காதுகிட்ட மெதுவாச் சொல்றேன், அண்ணே."

மூங்கில் தோப்பில் அண்ணனும் தம்பியும் மோதும் காட்சி. அத்தனை அமைதியை அவள் செட்டில் கண்டதே இல்லை. மூச்சு விடுகிற அளவுக்குத்தான் சொன்னாள். ஷாட் முடிந்ததும் முதலாளி ஒலியைக் கேட்க ஆசைப்பட்டார். எல்லோரும் சுற்றி நின்றார்கள். காற்றுக்கும் காலடிக்கும் நடுவே அவள் குரல் வந்தது:

"பெரியவன் வாளை உருவிட்டான்... சின்னவன் அழறான், லோ அண்ணே... இப்ப கட் சொல்லுங்க."

"அட, ஊமைச்சி பேசுறாடா!" என்று சண்டைக்காரன் ஒருவன் சிரித்தான். வேறு யாரும் சிரிக்கவில்லை என்றதும் அடங்கிவிட்டான்.

"எவ்வளவு நாளாக் கண்ணு தெரியல?" என்று லோவிடம் கேட்டார் யிப்.

"மூணு படமா."

"மேலேருந்து குதிக்கிறவன் உசிரு உன் கண்ணுல இருக்கு, லோ. நான் எப்படி உன்னை வெச்சுக்க?"

"தெரியும்."

என் தப்பு என்று சொல்ல பூய்-லின் வாயைத் திறந்தாள். அதற்குள் லோ அவள் பக்கம் திரும்பினார்.

"சின்னவன் நிஜமாவே அழுதானா? நான் அழச் சொல்லலையே."

"அவனாத்தான் அழுதான், அண்ணே."

"நல்லாருக்கும் இல்ல? புதுசா வர்றவன்கிட்ட அதை வெச்சுக்கச் சொல்லு."

வியாழக்கிழமை புது டைரக்டர் வந்தார். அதே காட்சியைத் திரும்ப எடுத்தார். பூய்-லின் அருகில் போய், தம்பியின் அழுகையை வைத்துக்கொள்ளச் சொன்னாள். "அழுகை எதுக்கும்மா? சண்டைப் படம்!" என்றார் அவர்.

அவள் தன் இடத்துக்குத் திரும்பி நோட்டில் குறித்தாள்: தம்பி. வாள் வலது கையில். கன்னத்தில் ஈரம் இல்லை.