பொன்னாடைகளும் எங்கள் அத்தையின் வாயும்

சிரிக்க வைக்கிற தொழிலில் பொன்னாடை நிறையக் கிடைக்கும். ஆனால் அதைப் போர்த்திக்கொண்டு கடைத்தெருவுக்குப் போனால் காய்ச்சலா என்று கேட்பார்கள்.

நான் சுருளிப்பட்டிக்காரி. திருவிழா மேடைகளில் காமெடி நாடகம் போடுகிற குழுவில் கிழவி வேஷம் கட்டுகிறேன். நரைமுடி டோப்பாவும் வாய் நிறைய வெற்றிலையும் இருந்தால் ஊரையே நிற்க வைத்துத் திட்டுவேன். வேஷத்தைக் கலைத்துவிட்டால் பஸ்ஸில் கண்டக்டரிடம் மீதிச் சில்லறை கேட்கக்கூட எனக்கு வாய் வராது. உங்களிலும் கூச்சக்காரர்கள் இருப்பீர்கள், சொல்லாமலே புரியும். இறங்க வேண்டிய இடம் தாண்டியும் சும்மா உட்கார்ந்திருப்போமே, அந்த ஜாதி நான்.

எட்டாவதோடு படிப்பு நின்றது. ஆனாலும் எங்கள் குழுவுக்கு வசனம் எழுதுவது நான்தான். எழுதுவது என்றால் மூளையைக் கசக்கி எழுதுவது இல்லை. என் மாமியார், அதாவது எங்கள் அத்தை, காலையில் எழுந்ததும் பால்காரரில் ஆரம்பித்து, கேபிள்காரர், என் வீட்டுக்காரர், நான் என்று வரிசையாகத் திட்டிக்கொண்டு வருவார். அதைக் காதில் பிடித்து வைத்திருந்து மேடைக் கிழவிக்குக் கொடுத்துவிடுவேன். அத்தைக்கு இது தெரியாது. மைக்செட் சத்தம் ஆகாது என்று ஒரு நாடகம்கூட அவர் பார்த்ததில்லை.

எனக்கு ஒரு கெடுவும் வைத்திருந்தார். “எம்பேத்தி யாழினிய ஒண்ணாப்புச் சேக்குற வரைக்குந்தேன் இந்தக் கூத்து. பள்ளிக்கூடம் தொறந்தா நீ வீட்டோட இருந்துக்கணும், ஆமா!”

சுற்றி வந்த சால்வை

முதல் பொன்னாடை ஜெயமங்கலத்தில். நாடகம் தொடங்கும் முன்னால் மேடைக்குக் கூப்பிட்டு, விழாக் கமிட்டிக்காரர் ஒருவர் பச்சைச் சரிகைச் சால்வையை என் தோளில் போட்டார். ஊரே கைதட்டியது. வீட்டில் அத்தையிடம் இதைக் காட்டினால் கெடுவைக் கொஞ்சம் தள்ளி வைப்பார் என்று மனசுக்குள் கணக்குப் போட்டுக்கொண்டே படி இறங்கினேன்.

மேடைக்குப் பின்னால் அதே கமிட்டிக்காரர் கையை நீட்டிக்கொண்டு நிற்கிறார். வாழ்த்துச் சொல்ல வருகிறார் என்று நினைத்துக் கும்பிட்டேன். எனக்கு முன்னால் நாதஸ்வரக்காரர், மைக்செட்காரர் எல்லோர் தோளிலும் ஏறி இறங்கிய சால்வைதான் அது என்று அப்புறம்தான் தெரிந்தது. அவர் ரொம்பப் பணிவாகச் சொன்னார்: “கோவிச்சுக்கிறாதத்தா, வெரசாக் கழட்டிக் குடு. அடுத்தாப்புல தலைவருக்குப் போத்தணும், அவரு வேர்த்துப் போயி நிக்கிறாரு.”

ஏலக்காய் மாலை

போடியில் ஏலக்காய்த் தோட்டக்காரர்கள் பெரிய மனசுக்காரர்கள். பூமாலை போடாமல், பச்சை ஏலக்காயாகக் கோத்த மாலையைக் கழுத்தில் போட்டார்கள். இதை யாரும் திருப்பிக் கேட்கவில்லை. வீட்டுக்கு வரும்போது பஸ்ஸே பாயசம் மாதிரி மணத்தது. பக்கத்து சீட்டு அம்மா பேச்சுக் கொடுத்துக்கொண்டே நாலு காயைப் பிய்த்துக்கொண்டார். நிறுத்தச் சொல்ல எனக்கு வாய் வந்தால்தானே.

அத்தை அதை வாங்கி மோந்து பார்த்தார். இதுதான் சமயம் என்று, “உங்க மருமகளுக்குப் போட்டாக அத்த, பெரிய பெரிய ஆளுகளுக்குத்தேன் போடுவாகளாம்” என்றேன். அவர் கத்தரிக்கோலை எடுத்து நூலை அறுத்து, காயை எல்லாம் டப்பாவில் கொட்டி மூடினார். ரொம்ப நாள் எங்கள் வீட்டு டீயில் என் புகழ்தான் கொதித்தது. முதல் டீயைக் குடித்துவிட்டு அத்தை சொன்னது: “வெவரமானவுகதேன் போட்டுருக்காக. அடுத்த தடவ முந்திரிப்பருப்புல கோக்கச் சொல்லு.”

பட்டம் வாங்க வந்தவள்

கடமலைக்குண்டில் எனக்கு ‘சிரிப்புச் சூறாவளி’ என்று பட்டம் கொடுத்தார்கள். ரோட்டோரம் பெரிய ஃபிளெக்ஸ். அதில் செலவை ஏற்றுக்கொண்டவர் படம் பெரிசாக, சாமி படம் நடுத்தரமாக, மூலையில் வெற்றிலை வழிகிற வாயோடு கிழவி வேஷத்தில் நான்.

வேஷம் இல்லாமல் போனேன், அதுதான் தப்பு. மேடைப் படியில் நின்ற ஆள், “பொம்பளையாளுகளுக்கு அந்தப் பக்கம்மா” என்று கையைக் காட்டினார். நான்தான் சூறாவளி என்று எப்படிச் சொல்வது? அந்தப் பக்கம் என்றால் அன்னதான வரிசை. இலையை வாங்கி நின்றுவிட்டேன். மேடையில் என் பெயரை ஏலம் போடுகிற மாதிரி கூப்பிடுகிறார்கள், நான் புளியோதரையை நோக்கி நகர்ந்துகொண்டிருக்கிறேன். குழுவை நடத்துகிற செல்லப்பாண்டி அண்ணன்தான் தேடி வந்து, “ஏத்தா, சூறாவளி இங்கன மையங்கொண்டு நிக்கிதா!” என்று இழுத்துக்கொண்டு ஓடினார்.

பட்டத்தை வாங்கியதும் ரெண்டு வார்த்தை பேசச் சொன்னார்கள். கும்பிட்டேன். மறுபடி சொன்னார்கள். மறுபடி கும்பிட்டேன். மூன்றாவது கும்பிடுக்கு ஊர் சிரித்தது. அதையும் காமெடி என்று நினைத்துக்கொண்டார்கள். இறங்கி வந்தபோது சோறு போட்ட அக்கா என்னை மேலும் கீழும் பார்த்தார். “நீதேன் அந்தக் கெழவியா? சொல்லியிருந்தா ரெண்டு வடை கூட வச்சிருப்பேன்ல.”

காற்றுக்கு ஒரு ஷீல்டு

ஆடி மாசம் எங்கள் பள்ளத்தாக்கில் அடிக்கிற காற்று கதவைப் பெயர்த்து எடுத்துவிடும். அந்தச் சமயத்தில் எனக்கு ஷீல்டுகள் வர ஆரம்பித்தன. கண்ணாடி ஷீல்டு முதல் காற்றிலேயே விழுந்து உடைந்து போனது. கிரானைட் அடிக்கட்டை வைத்த ஷீல்டைத் தூக்கிப் பார்த்த அத்தையின் முகத்தில் முதல்முறையாக ஒரு மரியாதை தெரிந்தது. மனசு மாறிவிட்டார் என்று நினைத்தேன். அவர் அதைக் கொண்டுபோய் வாசல் கதவுக்கு முட்டுக் கொடுத்தார். கனமோ கனம், புயல் வந்தாலும் அசையாது.

ஒரு நாள் என்னைப் பேட்டி எடுக்க கேபிள் டிவிக்காரர்கள் வந்துவிட்டார்கள். வாங்கின பரிசுகளைக் காட்டச் சொல்லிக் கேமராவைத் தூக்கினார்கள். நான் வெட்கப்பட்டுக்கொண்டு அடுப்படியில் ஒளிய, யாழினி வாசலில் இருந்து கத்தினாள்: “அம்மா, உன் பரிசத் தள்ளி வையி, மாமாக உள்ள வர முடியாம நிக்கிறாக!”

பிரியாணிக்கு வந்த அத்தை

கம்பத்தில் ஒரு ஸ்டுடியோக்காரர் எங்கள் குழுவை வைத்து, போனில் பார்க்கிற மாதிரி ஒரு சின்னப் படம் எடுத்தார். கதை வசனம் நான். ஒரு மாமியார் விடிந்து எழுந்ததில் இருந்து பொழுதடைந்து படுக்கிறவரை திட்டுகிறாள், அவ்வளவுதான் கதை. பள்ளத்தாக்கு முழுக்க அது ஓடியது. அத்தையிடம் பட்டன் போன்தான் இருந்ததால் நான் பிழைத்தேன். அந்தப் படத்துக்கு, சிறந்த நகைச்சுவை வசனம் என்று கம்பம் வியாபாரிகள் சங்கம் விருது அறிவித்தது. குடும்பத்தோடு வரணும், மத்தியானம் பிரியாணி.

பள்ளிக்கூடம் திறக்க ஒரு வாரம் இருந்தது. எப்படியும் இதுதான் கடைசி விருது என்று நினைத்துக் கிளம்பினால், அத்தை பட்டுச்சேலை கட்டி ஜீப்பில் ஏறி உட்கார்ந்திருக்கிறார். “மைக்செட் சத்தம் உங்களுக்கு ஆகாதே அத்த” என்றேன். “பிரியாணிக்கு ஆகும்” என்றார்.

முன்வரிசையில் உட்கார வைத்தார்கள். விளக்கை அணைத்துப் பெரிய திரையில் அந்தப் படத்தையே போட்டுவிட்டார்கள். நான் நாற்காலியில் சரிந்து உட்கார்ந்தேன். திரையில் கிழவி வேஷத்தில், இடுப்பில் கை வைத்துக்கொண்டு நான்: “ஏலே, நீ ஊத்துறது பாலா, மாட்டக் குளுப்பாட்டுன தண்ணியா?” மண்டபம் சிரித்தது. “சாப்புட்டுத்தேன் வந்தோம்னு சொல்ற விருந்தாளிக்குத்தேன் அரிசி கூடப் போடணும்.” மறுபடி சிரிப்பு. “எம்மருமக சுட்ட இட்லிய எறிஞ்சா சுருளி அருவிக் குரங்கு திருப்பி எறியும்.” என் வீட்டுக்காரர் சிரிக்க வாயைத் திறந்தவர், தன் அம்மா முகத்தைப் பார்த்து மூடிக்கொண்டார். அத்தை இமை தட்டாமல் திரையைப் பார்த்துக்கொண்டிருந்தார். யாழினி மட்டும் சந்தோஷமாகக் கேட்டாள், “அப்பத்தா, இது நீ சொன்னதுல்ல?”

விளக்கு வந்தது. மேடையில் சங்கத் தலைவர் ராவுத்தர் சால்வை போர்த்திவிட்டு மைக்கை நீட்டினார். “இதெல்லாம் ஒனக்கு எங்கருந்துத்தா தோணுது? சபைக்குச் சொல்லு.” வழக்கம்போலக் கும்பிட்டேன். அப்போது முன்வரிசையில் அத்தை எழுந்தார்.

“அவளுக்கு எங்கனருந்து தோணும்? பேசுனது பூராம் நானு!” மைக் இல்லாமலே கடைசி வரிசைக்குக் கேட்டது. “பாலுக்காரன் சங்கதியெல்லாம் சரி. இட்லிச் சங்கதியில பாதிய முழுங்கிட்டா. குரங்கு திருப்பி எறியும்னு மட்டுமா சொன்னேன்? எறிஞ்சுபுட்டு, மண்ட ஒடஞ்சிருச்சான்னு வந்து பாத்துட்டுப் போகும்னுல்ல சொன்னேன்!”

படத்துக்குச் சிரித்ததைவிட மூன்று மடங்கு சிரித்தார்கள். ராவுத்தர் கண்ணைத் துடைத்துக்கொண்டு இன்னொரு சால்வை வரவழைத்து அத்தைக்கும் போர்த்தினார். அத்தை அதைக் கழற்றவே இல்லை, பிரியாணி சாப்பிடும்போதும்.

திரும்பி வருகிற வழியெல்லாம் அவர் சால்வையை நீவிக்கொண்டே வந்தார். திட்டினாலாவது கோபமா இல்லையா என்று தெரியும். மேடை போச்சு, வீட்டில் இனிமேல் மூச்சு விடவும் பயப்பட வேண்டும் என்று நான் யாழினியை இறுக்கிப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருந்தேன். வீட்டு வாசலில் இறங்கி, ஷீல்டைக் காலால் தள்ளிக் கதவைத் திறந்த அத்தை, அங்கேயே இடுப்பில் கை வைத்துத் திரும்பினார்: “பிள்ளைய நான் பள்ளிக்கூடத்துல விட்டுக் கூட்டியாரேன், நீ ஒன் நாடகத்துக்குப் போ. ஆனா நான் என்னைக்குடி இப்பிடி இடுப்புல கைய வச்சுக்கிட்டுப் பேசிருக்கேன்?”

இப்போதெல்லாம் பால்காரரைத் திட்டி முடித்ததும் அத்தை கொஞ்சம் நிறுத்தி என் பக்கம் திரும்பிப் பார்க்கிறார்; கைதட்டுவதா எழுதுவதா என்று தெரியாமல் நான் வழக்கம்போலக் கும்பிட்டுவிடுகிறேன்.